காலத்தைச் சுருதி சேர்ப்பது எப்படி: உங்கள் கதைக்கு ஒரு நாழிகைக் கவை

ஃபேன்டஸி கதை எழுதுகிறீர்கள், அல்லது நாலு நண்பர்களோடு உட்கார்ந்து விளையாட ஒரு கற்பனை உலகம் கட்டுகிறீர்கள், அந்த உலகத்தில் காலம் அங்கங்கே ஆட்டம் காண்கிறது, அதை ஒலியால் பிடித்து நிறுத்தும் கருவி ஒன்று வேண்டும் என்று வைத்துக்கொள்வோம். எல்லோருக்கும் முதலில் மனதில் வருவது மணிதான். மந்திரவாதி மணியை அடித்தார், காலம் சரியாயிற்று. தயவுசெய்து இதை எழுதாதீர்கள். வாசகர் முதல் தடவை ஒத்துக்கொள்வார், இரண்டாம் தடவை மணி ஒலித்ததும் இனி யாருக்கும் எதுவும் ஆகாது என்று அவருக்குத் தெரிந்துவிடும், அப்புறம் எதற்குப் படிக்க வேண்டும்? கருவி எப்படி வேலை செய்கிறது, எப்போது செய்யாது, செய்தால் யாருக்கு என்ன போகும், இந்த மூன்றும் எழுதுகிற உங்களுக்குத் தெரிந்திருக்க வேண்டும். நான் ஒரு கருவியை முழுசாகச் செய்து காட்டுகிறேன். பெயர் நாழிகைக் கவை. பள்ளி ஆய்வகத்தில் ரப்பர் சுத்தியலால் தட்டுவோமே, அந்த இசைக்கவைதான் இதற்கு மூலம். பிடித்தால் அப்படியே எடுத்துக்கொள்ளுங்கள், இல்லாவிட்டால் மாற்றிக்கொள்ளுங்கள்.

முதலில் ஒரு முடிச்சைப் பார்த்துவிட வேண்டும். ஒலி காலத்தால் ஆனது. ஒரு அதிர்வு முடிந்து அடுத்தது வர நேரம் வேண்டும், அந்த நேரம் இல்லையென்றால் ஒலியே கிடையாது. ஆகவே காலத்தைத் தாங்கிப் பிடிக்க வருகிற கருவி அதே காலத்தின் மேல்தான் நிற்கிறது, முறிகிற கிளையில் உட்கார்ந்துகொண்டே அந்தக் கிளைக்குக் கட்டுப்போடுகிற மாதிரி. நிறையப் பேர் இதைக் குறை என்று நினைத்து மந்திரத்தைப் போட்டு மூடிவிடுகிறார்கள். மூடாதீர்கள், கதை பிறக்கிற இடமே இதுதான். நம் கருவியின் முதல் விதி இங்கிருந்து வருகிறது: நின்றுவிட்ட காலத்தைக் கவையால் எழுப்ப முடியாது. நிற்பதற்கு முன்னால் தட்டியாக வேண்டும்.

அடுத்து, காலம் ஆடுகிறது என்றால் உங்கள் உலகத்தில் கண்முன்னால் என்ன நடக்கிறது என்று முடிவு செய்யுங்கள். ஒன்றே ஒன்றை எடுங்கள். சாயங்காலம் இரண்டு தடவை வருவது, இறந்தவர் திரும்புவது, நேற்று நாளையாவது என்று எல்லாவற்றையும் சேர்த்தால் எந்தக் கருவியாலும் சமாளிக்க முடியாது. நான் எடுத்தது இது: ஓர் ஊர், அதில் ஒரு தெருவில் மட்டும் காலம் மெதுவாக ஓடத் தொடங்குகிறது. அந்தத் தெருவில் இருப்பவர்களுக்கு முதலில் எதுவும் தெரியாது, அவர்கள் உலையில் அரிசி வழக்கம் போலத்தான் வேகிறது. வெளியே நிற்பவருக்குத்தான் வித்தியாசம் தெரியும், அதுவும் கண்ணுக்கு முன்னால் காதுக்குத் தெரியும். ஏனென்றால் மெதுவான தெருவிலிருந்து வருகிற எந்த ஒலியும் சுருதி இறங்கித்தான் கேட்கும். உள்ளே நொடிக்கு 240 தடவை அதிர்கிற கவை வெளியே 236 ஆகக் கேட்கும். இதற்கு மந்திரம் எதுவும் வேண்டாம், வெறும் கணக்கு.

இந்த நாலு அதிர்வு வித்தியாசத்தைத் தனியாகக் கேட்டுக் கண்டுபிடிக்க நல்ல பயிற்சி உள்ள காது வேண்டும். ஆனால் 240-ஐயும் 236-ஐயும் சேர்த்து ஒலிக்க வைத்தால் யார் வேண்டுமானாலும் சொல்லிவிடலாம். இரண்டும் கலந்து வூ... வூ... வூ... என்று நொடிக்கு நாலு தடவை ஏறி இறங்கும். பதினோராம் வகுப்பு இயற்பியலில் இதற்கு விம்மல் என்று பெயர். அழுகைக்கும் அதே சொல்தான். காலம் விம்முகிறது என்று உங்கள் பாத்திரம் சொன்னால் அது அறிவியலாகவும் இருக்கும், துக்கமாகவும் இருக்கும், இப்படி ஒரு சொல் கையில் கிடைத்த பிறகு விட மனம் வருமா? இப்போதே இரண்டு கைபேசிகளில் ஒலி எழுப்பும் செயலியைப் போட்டு ஒன்றில் 240, இன்னொன்றில் 236 வைத்துக் கேட்டுப் பாருங்கள். கேட்காமல் இதை எழுத உட்காராதீர்கள்.

240 என்ற எண்ணை நான் வேண்டுமென்றேதான் வைத்தேன். பள்ளிக் கவைகளில் 256 இருக்கும், 288 இருக்கும், 512 வரை போகும், ஆனால் நம் பழைய கணக்கில் ஒரு நாளுக்கு 60 நாழிகை, ஒரு நாழிகைக்கு 24 நிமிடம். 240-ல் 4 என்பது சரியாக அறுபதில் ஒரு பங்கு. அதாவது நொடிக்கு நாலு விம்மல் கேட்டால் அந்தத் தெரு நாளுக்கு ஒரு நாழிகை பின்தங்குகிறது, ஒரு விம்மல் என்றால் கால் நாழிகை, ஆறு நிமிடம். கவைக்காரர் எண்ணிப் பார்த்து அந்த இடத்திலேயே சொல்லிவிடலாம், வாசகரும் கூடவே கணக்குப் போடலாம். வாசகர் கணக்குப் போட ஆரம்பித்துவிட்டால் அந்தக் கருவியை அவர் நம்பிவிட்டார் என்று அர்த்தம்.

இதே கணக்கைக் கொஞ்சம் இழுத்துப் பாருங்கள். மனிதக் காது தோராயமாக 20 அதிர்விலிருந்து 20,000 வரை கேட்கும். தெருவின் காலம் பன்னிரண்டு மடங்கு மெதுவாகிவிட்டால் உள்ளே ஒலிக்கிற 240, வெளியே 20 ஆகிவிடும். அதற்கு மேல் இறங்கினால் வெளியே நிற்பவருக்கு உள்ளே இருக்கும் கவை கேட்காது, தெரு ஊமையாகிவிட்டது என்று நினைப்பார். உள்ளே இருப்பவருக்கோ வெளியே அடிக்கிற கவை ஏறிக்கொண்டே போகும், எண்பது மடங்கு தாண்டிய பிறகுதான் அது 20,000-ஐத் தொடும். அப்படியென்றால் வெளியே இருப்பவர்கள் கைவிட்டுப் போன பிறகும், உள்ளே இருப்பவர்களுக்கு வெளி உலகம் வெகு நேரம் கேட்டுக்கொண்டிருக்கும், கீச்சுக்குரலில், ஊசி மாதிரி. இன்னும் ஒன்று, வயது ஏற ஏற உச்ச ஒலிகள் காதை விட்டுப் போகும். முதலில் தாத்தா, பாட்டிக்கு நின்றுபோகும், அப்புறம் அப்பா, அம்மாவுக்கு, கடைசிவரை கேட்டுக்கொண்டிருப்பது குழந்தைகள். எனக்கு இந்தக் கருவியிலேயே மிகவும் நெஞ்சைத் தொட்ட இடம் இதுதான். இதை நான் யோசித்துக் கண்டுபிடிக்கவில்லை, 240-ஐ வகுத்தும் பெருக்கியும் பார்த்தபோது தானாக வந்து நின்றது. உங்கள் கருவிக்கும் எண்களை வையுங்கள், அவை இப்படி ஏதாவது கொண்டுவந்து தரும்.

சரி, கண்டுபிடித்தாயிற்று. பிடித்து நிறுத்துவது எப்படி?

1665-ல் கிறிஸ்டியான் ஹைகன்ஸ் உடம்பு சரியில்லாமல் படுத்திருந்தார். ஊசல் கடிகாரத்தை உலகுக்குக் கொடுத்தவர் அவர். அறையில் ஒரே கட்டையில் மாட்டியிருந்த இரண்டு கடிகாரங்களின் ஊசல்கள் ஒன்றுக்கொன்று எதிரெதிராக, துளி பிசகாமல் ஆடுவதைக் கவனித்தார். கலைத்துவிட்டுப் பார்த்தார், அரை மணி நேரத்துக்குள் மறுபடியும் சேர்ந்துகொண்டன. காரணம் அந்தக் கட்டை. ஒவ்வொரு ஊசலின் ஆட்டமும் கட்டையைக் கண்ணுக்குத் தெரியாத அளவு அசைக்கிறது, அந்த அசைவு அடுத்த ஊசலைத் தொடுகிறது, இரண்டும் ஒன்றையொன்று இழுத்து ஒரு பொது நடைக்கு வந்து நிற்கின்றன. நமக்கு வேண்டியது இதேதான். பிசகாத காலம் ஒரு பக்கம், பிசகிய காலம் ஒரு பக்கம், நடுவே அதிர்வைக் கடத்த ஒரு கட்டை.

ஒலியால் காலத்தைப் பிடித்து வைப்பது வெறும் கற்பனை என்று யாராவது சொன்னால் அவர் கையில் கட்டியிருக்கும் கடிகாரத்தைக் காட்டுங்கள். பெரும்பாலான குவார்ட்ஸ் கடிகாரங்களில் இசைக்கவை வடிவத்தில் வெட்டிய ஒரு சின்னப் படிகம் நொடிக்கு 32,768 தடவை அதிர்ந்துகொண்டிருக்கிறது, அதைப் பதினைந்து தடவை பாதியாக்கினால் நொடிக்கு ஒன்று. காதுக்கு எட்டாத உயரம் என்பதால் நமக்குத் தெரிவதில்லை. காதுக்கு எட்டியதும் ஒன்று இருந்தது: 1960-ல் புலோவா வெளியிட்ட அக்யுட்ரான், மாக்ஸ் ஹெட்ஸெல் வடிவமைத்தது. அதற்குள் நிஜமாகவே ஓர் உலோக இசைக்கவை, நொடிக்கு 360 அதிர்வு. ஒரு புயத்தில் ஒட்டிய நுண்ணிய கல் முனை, கண்ணால் பார்க்கவே கஷ்டமான 300 பல் சக்கரம் ஒன்றை ஒவ்வோர் அதிர்வுக்கும் ஒரு பல்லாகத் தள்ளும். டிக் டிக் கிடையாது, காதோடு வைத்தால் தேனீ மாதிரி ம்ம்ம் என்ற ரீங்காரம். ஆனால் அந்தக் கவை தானாக ஒலித்துக்கொண்டே இருக்கவில்லை, மின்கலமும் காந்தமும் டிரான்சிஸ்டரும் சேர்ந்து ஒவ்வோர் அசைவுக்கும் அதற்கு ஒரு சின்ன உந்துதல் கொடுத்துக்கொண்டிருந்தன. ஊட்டுவதை நிறுத்தினால் எந்தக் கவையும் அடங்கிவிடும். இதை மனதில் வைத்துக்கொண்டு அடுத்த கேள்விக்கு வாருங்கள்: உங்கள் கருவிக்கு யார் ஊட்டுகிறார்கள்?

என் நாழிகைக் கவையில் ஊட்டுவது ஆள். பிசகிய தெருவின் முனையில் கவைக்காரர் உட்காருவார். தெருவுக்குள் ஒரு கவை, அவர் கையில் ஒரு கவை. கையில் இருப்பதைத் தட்டி அதன் காம்பைப் பல்லில் கடித்துக்கொள்வார். இசைக்கவையைத் தட்டிப் பல்லில் கடித்துப் பார்த்தவர்களுக்குத் தெரியும், ஒலி காது வழியே வராது, தாடை எலும்பிலிருந்து மண்டை முழுக்கப் பரவும், ஒலி தனக்குள்ளேயே பிறந்த மாதிரி இருக்கும். ஆக ஹைகன்ஸின் கட்டை இங்கே மனித எலும்பு. இரண்டு காலமும் அவர் வழியாக ஒன்றையொன்று இழுக்கும். இப்போது விலையைப் பாருங்கள். ஹைகன்ஸின் கடிகாரங்கள் இரண்டுமே தம் சொந்த நடையை விட்டுக்கொடுத்துத்தான் ஒன்றுக்கு வந்தன. தெரு முன்னால் வர, கவைக்காரர் கொஞ்சம் பின்னால் போகிறார். ஒவ்வொரு வேலைக்கும் சில நாழிகைகள், பெரிய வேலையென்றால் மாதங்கள். முப்பது வருஷம் இந்தத் தொழில் செய்தவர், தன் தங்கையை விட இளையவராக ஊர் திரும்புகிறார். தங்கை கதவைத் திறந்து "யாருப்பா நீ?" என்கிறாள். நான் வைத்த விலை இது, நீங்கள் வேறு வைக்கலாம், ஆனால் விலை கருவியின் இயக்கத்திலிருந்தே வர வேண்டும், வெளியிலிருந்து ஒட்டவைத்த சாபமாக இருக்கக் கூடாது.

எவ்வளவு காலத்தைக் கடத்துவது என்று கட்டுப்படுத்த ஒரு வழி வேண்டுமே என்று யோசித்தபோது தம்புராதான் கைகொடுத்தது. தம்புராவின் குதிரைக்கும் தந்திக்கும் நடுவே ஒரு பருத்தி நூலைச் செருகுவார்கள், ஜீவா என்று பெயர். அதை மயிரிழை நகர்த்தினால் மொண்ணையாக இருந்த நாதம் சட்டென்று விரியும், இன்னொரு மயிரிழை நகர்த்தினால் மறுபடி செத்துவிடும். நம் கவைக்காரர் காம்புக்கும் பல்லுக்கும் இடையே அதே போல ஒரு நூலை வைக்கிறார். நூல் சரியான இடத்தில் இருந்தால் தெரு மெல்ல மெல்ல ஏறும், தவறினால் ஒரேயடியாக இழுக்கும்.

பழுதுகளுக்கு நிறைய இடம் ஒதுக்குங்கள். எஃகுக் கவை சூடேறினால் சுருதி இறங்கும், ஒரு டிகிரிக்குச் சுமார் பத்தாயிரத்தில் ஒரு பங்கு. அற்பம் என்று தோன்றும், ஆனால் தெருவுக்குள் வெயிலில் கிடந்து 15 டிகிரி கூடச் சூடான கவையை நிழலில் இருக்கும் கவையோடு ஒலிக்க வைத்தால் கிட்டத்தட்ட மூன்று நொடிக்கு ஒரு விம்மல் வரும், நல்லபடியாக ஓடுகிற தெருவைப் பார்த்து நாளுக்குச் சுமார் இரண்டு நிமிடம் பிந்துகிறது என்று கவை பொய் சொல்லும். இல்லாத நோய்க்கு வைத்தியம் பார்க்கப் போனால் என்ன ஆகும் என்பது ஒரு முழு அத்தியாயம். இந்தச் சூட்டுக் கோளாறு நிஜக் கடிகாரக்காரர்களை வருஷக்கணக்கில் படுத்தியிருக்கிறது. சூட்டுக்கு அசையாத நிக்கல் எஃகுக் கலவைகளைக் கண்டுபிடித்த சார்ல்ஸ் எட்வார் கியோமுக்கு 1920-ல் இயற்பியல் நோபல் கொடுத்தார்கள். உங்கள் உலகத்திலும் அப்படியொரு உலோகம் இருக்கட்டும், எளிதில் கிடைக்காததாக இருக்கட்டும். துரு ஏறினாலும் சுருதி மாறும், கீழே விழுந்து புயத்தின் முனை உடைந்தால் ஏறும். தூரமும் ஒரு தொல்லை: ஒலி ஒரு கிலோமீட்டர் போக மூன்று நொடி ஆகும். எடின்பரோ கோட்டையில் 1861 முதல் மதியம் ஒரு மணிக்கு பீரங்கி சுடுகிறார்கள், ஊருக்கு நேரம் சொல்ல. 3 கிலோமீட்டர் தள்ளி இருப்பவருக்கு அது கேட்கும்போது கிட்டத்தட்ட 9 நொடி கழிந்திருக்கும் என்பதால், எந்த இடத்துக்கு எத்தனை நொடி தாமதம் என்று வட்டம் வட்டமாக வரைந்த வரைபடமே போட்டிருந்தார்கள். ஊர் முழுக்கப் பிசகிவிட்ட கதை என்றால் அப்படி ஒரு வரைபடத்தை உங்கள் கவைக்காரர் மடியில் வையுங்கள்.

எல்லாவற்றையும் விடப் பெரிய ஆபத்து விம்மலிலேயே இருக்கிறது. விம்மல் வித்தியாசத்தைச் சொல்லும், எந்தப் பக்கம் என்று சொல்லாது. தெரு 236 ஆனாலும் நாலு விம்மல், 244 ஆனாலும் நாலு விம்மல். தெரியாமல் தப்புப் பக்கம் இழுத்தால் தெரு இன்னும் ஆழத்துக்குப் போகும். இதைக் கண்டுபிடிக்க வழி மெழுகு. இந்தக் காட்சியை நான் எழுதிப் பார்த்தது இப்படி:

அத்தை கவையைக் காதருகே வைத்துக்கொண்டு கண்ணை மூடியிருந்தாள். "எத்தனை?"

"நாலு, அத்தை."

"மேலயா, கீழயா?"

செல்வி பதில் சொல்லவில்லை. அத்தை இடுப்பு முடிச்சிலிருந்து மெழுகை எடுத்து, அரிசி மணி அளவு கிள்ளி, கவையின் ஒரு புயத்து முனையில் ஒட்டினாள். மறுபடி தட்டினாள். இப்போது ஒலி அவ்வளவு அவசரப்படவில்லை.

"மூணு."

"நம்ம கவையைக் கொஞ்சம் இறக்கினேன், விம்மல் குறையுது. அப்போ தெரு நமக்குக் கீழ இருக்கு. கூடியிருந்தா?"

"மேல இருக்கு. நாம வந்த வழியே ஓடணும்."

"சரி. மெழுகைச் சுத்தமா துடைச்சுக் குடு. நகத்தால சுரண்டாத கண்ணு, கீறல் விழும்."

கவனித்தீர்களா, இதில் எங்கேயும் ஒலியை எழுத்தில் டொய்ங் என்று போடவில்லை. அப்படிப் போட்டால் ஒரு வரிக்கு மேல் தாங்காது. ஒலியை வேறு புலன்களால் காட்டுங்கள்: தட்டிய கவையைத் தண்ணீரில் தொட்டால் தெறிக்கும் துளி, நூலில் தொங்கும் நெட்டிப்பந்து அதைத் தொட்டதும் துள்ளி ஓடுவது, மேசையில் காம்பை ஊன்றினால் மேசை முழுக்கப் பேசுவது, பல்லில் வைத்த பின் நாக்கில் மிஞ்சும் கூச்சம்.

பெயர்களுக்கு வெளியே தேட வேண்டாம். காலத்தையும் ஒலியையும் நம் மொழி ஏற்கெனவே பிணைத்து வைத்திருக்கிறது. நொடி என்பது விரலைச் சொடுக்குகிற ஒலி, அதுவே கால அளவும் ஆயிற்று. கண்ணிமைப்பதும் கைநொடிப்பதும் ஒரு மாத்திரை என்கிறது தொல்காப்பியம், குறில் ஒரு மாத்திரை, நெடில் இரண்டு, மெய் அரை. அதாவது நம் இலக்கணத்தில் ஒவ்வோர் எழுத்துமே ஒரு கால அளவு. முல்லைப்பாட்டில் நாழிகை வட்டிலை, அதாவது நீர்க்கடிகாரத்தைப் பார்த்து அரசனுக்குப் பொழுது சொல்கிறவர்களைப் பொய்யா மாக்கள் என்று சொல்லியிருக்கிறது, உங்கள் கவைக்காரர் குலத்துக்கு அதைவிட நல்ல பெயர் எங்கே கிடைக்கும்? சங்கீதக்காரர்கள் காலப்பிரமாணம் நிற்கவில்லை என்பார்கள், பாட்டின் வேகம் ஓடிவிட்டது அல்லது தொய்ந்துவிட்டது என்ற பொருளில். அதை அப்படியே ஒரு தெருவுக்குச் சொல்லிப் பாருங்கள்: "மேலத் தெருவுல காலப்பிரமாணம் நிக்கல." டைம் ஸ்டெபிலைசர் என்று பெயர் வைத்தால் இந்த வாசல்கள் எல்லாம் அடைந்துபோகும்.

விளையாட்டுக்காகச் செய்கிறவர்களுக்கு விதிகள் கொஞ்சம் போதும். பிசகை விம்மலில் அளந்துகொள்ளுங்கள், ஒவ்வொரு சுற்றுக்கும் ஒன்று கூடட்டும். பகடையில் வென்றால் ஒன்று குறையும், குறைகிற ஒவ்வொன்றுக்கும் கவைக்காரராக ஆடுபவரின் பாத்திரம் ஊரைவிட ஒரு மாதம் பின்தங்குகிறது, அதை எழுதி வைக்க வேண்டும். மெழுகுச் சோதனை செய்யாமல் இழுத்தால் காசைச் சுண்டிப் பக்கத்தைத் தீர்மானியுங்கள். மேசைக்கு அடியில் இரண்டு கைபேசிகளை வைத்து, ஒன்றை 240-லேயே நிறுத்தி, மற்றதை ஆட்டத்தின் நிலைக்கு ஏற்ப 236, 237 என்று நகர்த்துங்கள். எத்தனை விம்மல் என்று நீங்கள் வாயால் சொல்ல வேண்டாம், அவர்களே எண்ணட்டும். கடைசியில் அதுவும் 240-க்கு வந்து, ஏறி இறங்கிக்கொண்டிருந்த ஒலி ஒரே கோடாக நீளும்போது நீங்கள் எதுவும் பேசாதீர்கள், ஒரு முழு நிமிடம் அப்படியே ஒலிக்க விட்டுவிட்டு அப்புறம் தெருவில் யார் முதலில் கதவைத் திறந்தார்கள் என்று சொல்லுங்கள்.